கட்டடமும் எலும்பும் ஒரே புத்தகத்தில் கிடைக்குமா?

சாரம்:

வணக்கம். கட்டட வரைபடம் போடுவது என் தொழில். 14 ஆண்டுகளாகச் சுவர், தூண், உத்தரம், படி என்று கோடுகளோடுதான் நாள் கழிகிறது. வாசிப்பும் அதையொட்டியே போயிற்று. கட்டடக்கலை வரலாறு என்று எது கையில் கிடைத்தாலும் படித்துவிடுவேன். அகழாய்வு நூல்களின் பக்கம் போனதில்லை. எலும்புக்கூட்டின் படம் வந்தால் பக்கத்தைத் திருப்பிவிடுவது வழக்கம்.

சென்ற ஆண்டு அப்பா வழுக்கி விழுந்தார். இடுப்பருகே தொடை எலும்பு முறிந்துவிட்டது. எக்ஸ்ரே படத்தை மருத்துவர் விளக்குப் பலகையில் மாட்டி, முறிவு எந்த இடத்தில் என்று விளக்கினார். என் கண் முறியாத காலின் பக்கம் போய்விட்டது. தொடை எலும்பின் பந்து போன்ற தலைக்குள் மெல்லிய வெள்ளைக் கோடுகள் விசிறியாக விரிந்து, கழுத்துப் பகுதி வழியாக இறங்கி, உட்புறத் தண்டில் வந்து சேர்ந்தன. வெளிப்புறத்திலிருந்து இன்னொரு தொகுதிக் கோடுகள் வளைவாக எழுந்து அவற்றைக் குறுக்கே வெட்டின. சுவரிலிருந்து துருத்தி நிற்கும் விட்டத்தில் பாரம் எப்படி இறங்கும் என்று எனக்குக் கற்றுக்கொடுத்தவர் கரும்பலகையில் போட்ட கோடுகள் அப்படியே இருந்தன. அப்பாவின் கையைப் பிடித்தபடி அதையே பார்த்துக்கொண்டு நின்றேன்.

வீட்டுக்கு வந்து என் கட்டடக்கலை நூல்களை ஒவ்வொன்றாக எடுத்துப் புரட்டினேன். ஒன்றிலும் ஆள் இல்லை. மண்டபங்கள் விடியற்காலையில் படம் எடுத்தவை போல வெறிச்சோடிக் கிடக்கின்றன. படிக்கட்டின் அகலமும் உயரமும் அங்குல சுத்தமாகக் கொடுத்திருக்கிறார்கள். அதில் ஏறி இறங்கி முழங்கால் தேய்ந்தவர்களைப் பற்றி ஒரு வரி கிடையாது. நூலகத்தில் பழைய எலும்புகளைப் பற்றிய நூல் ஒன்றை எடுத்துவந்தேன். அதில் நேர்மாறு. பல், மண்டையோடு, அளவு, அட்டவணை எல்லாம் இருக்கின்றன. அந்த உடல் எந்த வீட்டில், எந்தச் சுவரோரம் கிடந்தது என்பது பின்னிணைப்பில் வெறும் எண்ணாக ஒதுங்கிவிட்டது.

இரண்டையும் சேர்த்துப் படிக்க வழி இருக்கிறதா? அகழாய்வு அறிக்கை ஒன்றைத் திறந்தேன். குழி, அடுக்கு, வெட்டு என்று எண்களாகவே ஓடுகிறது. எங்கே நுழைவது என்று தெரியவில்லை. இன்னொன்று: எக்ஸ்ரேயில் நான் பார்த்த கோடுகள் உண்மையிலேயே பாரம் இறங்கும் கோடுகள்தானா, அல்லது தொழில் பழக்கத்தில் என் கண்ணுக்கு மட்டும் அப்படித் தெரிந்ததா?

மண்ணடுக்கு:

சாரம் அவர்களுக்கு வணக்கம். நானும் கோடு போட்டுப் பிழைத்தவன்தான். அகழாய்வுக் குழிகளில் வரைபடம் எடுப்பது 20 ஆண்டுகளுக்கு மேல் என் வேலை. நீங்கள் எழப்போகும் சுவரை வரைகிறீர்கள். நான் விழுந்த சுவரை வரைந்தேன்.

இந்தத் துறையில் ஒரு நூலைக் கையில் எடுத்ததும் முன்னுரைக்குப் போகாதீர்கள். தரைப்படத்தைத் தேடுங்கள். வீட்டின் தரைப்படத்திலேயே அடுப்பும் சுவரும் உடலும் ஒன்றாக வரையப்பட்டிருந்தால் அந்த நூலை நம்பிப் படிக்கலாம். உடல் தனிப் பக்கத்தில், பின்னணி இல்லாமல், வெள்ளைத் தாளில் மிதந்துகொண்டிருந்தால் அது உங்களை ஏமாற்றும். நீங்கள் எடுத்துவந்த நூல் அந்த இரண்டாம் வகையாக இருக்க வேண்டும்.

தொடங்குவதற்குத் துருக்கியில் உள்ள சாத்தல்ஹூயுக்கை விடப் பொருத்தமான இடம் எனக்குத் தெரியவில்லை. சுமார் 9,000 ஆண்டுகளுக்கு முன் எழுந்த ஊர். தெருவே கிடையாது. வீடுகள் ஒன்றோடொன்று ஒட்டி நிற்கும். கூரையில் நடந்து, கூரையில் உள்ள திறப்பின் வழியே ஏணியில் இறங்கித்தான் வீட்டுக்குள் போக வேண்டும். உள்ளே சுவரோரம் திண்ணை போன்ற மேடைகள். இறந்தவர்களை அந்த மேடைகளுக்கும் தரைக்கும் அடியில்தான் புதைத்தார்கள். ஒரே வீட்டின் அடியில் 60 பேருக்கு மேல் கிடைத்திருக்கிறார்கள். 1961 முதல் 1965 வரை ஜேம்ஸ் மெல்லார்ட் அங்கே தோண்டினார். பிறகு 1993 முதல் 25 ஆண்டுகள் இயான் ஹாடரின் குழு வேலை செய்தது. அந்தக் குழுவின் ஆண்டறிக்கைகள் இணையத்தில் இலவசமாகக் கிடைக்கின்றன. முதலில் அவற்றின் தரைப்படங்களைப் பாருங்கள்.

நீங்கள் அவசியம் பார்க்க வேண்டியது ஒன்று அங்கே இருக்கிறது. முதியவர்கள் சிலருடைய விலா எலும்புகளின் உட்புறத்தில் கரி படிந்திருந்தது. நுரையீரல் மக்கிப்போன பிறகு, அதில் சேர்ந்திருந்த புகைக்கரி எலும்பின்மேல் தங்கிவிட்டது. இப்போது அந்த வீட்டின் வெட்டுப்படத்தைப் பாருங்கள். புகை வெளியேற வழி எது? ஏணி இறங்கும் அதே திறப்புதான். அடுப்பெரிந்த மாதங்களில் அந்த அறையின் காற்று எப்படி இருந்திருக்கும் என்பதற்கு விலா எலும்பே சாட்சி. காற்றோட்டம் என்ற தலைப்பில் எந்தக் கட்டடக்கலை நூலும் எனக்கு இவ்வளவு கற்றுத்தந்ததில்லை.

அறிக்கையை எங்கே தொடங்குவது என்று கேட்டீர்கள். ஒரே ஒரு கேள்வியைப் பிடித்துக்கொண்டு நுழையுங்கள்: உடல் கிடக்கும் குழியின் வாய் எந்த மட்டத்தில் இருக்கிறது? குழி தரையை வெட்டிக்கொண்டு இறங்கியிருந்தால், தரை போட்ட பிறகுதான் புதைத்திருக்கிறார்கள். தரை உடையாமல் அதன்மேல் முழுதாக மூடியிருந்தால், புதைத்த பிறகுதான் தரை போட்டிருக்கிறார்கள். இந்த ஒன்றைச் சொல்லாத அறிக்கையிலிருந்து அந்த வீட்டுக்கும் அந்த உடலுக்கும் என்ன உறவு என்று தெரிந்துகொள்ளவே முடியாது. அடுக்கு எண்ணும் வெட்டு எண்ணும் உங்களை மிரட்டுகின்றன அல்லவா? இந்த முன்பின் வரிசையைக் குறித்துவைக்கத்தான் அவ்வளவும்.

நான் வரைந்த ஒன்றைச் சொல்கிறேன். ஒரு சிறிய வீட்டின் மூலையில், தரைக்கு ஒரு முழம் கீழே, பிறந்த குழந்தை ஒன்று கிடந்தது. தொடை எலும்பு என் நடுவிரல் நீளம்தான். முழங்கால் இருக்க வேண்டிய இடத்தில் பட்டாணியை விடச் சிறியதாக ஓர் உருண்டை. கூழாங்கல் என்று நினைத்து வரையாமல் விட்டுவிட்டேன். எலும்பு ஆய்வாளர் குனிந்து பார்த்தார். “அதையும் போடுங்கள், அது தொடை எலும்பின் கீழ்நுனி, இன்னும் தண்டோடு ஒட்டவில்லை” என்றார். கருவின் கடைசி வாரங்களில்தான் அந்த நுனி எலும்பாகத் தொடங்குமாம். அது இருந்ததால் குழந்தை நிறைமாதம் வரை வளர்ந்தது என்று தெரிந்தது. அழிப்பானை எடுத்து, கட்டத்தாளில் அந்த இடத்தைச் சரிசெய்து, உருண்டையை வரைந்தேன். என் பென்சில் முனையை விடச் சற்றே பெரிய வட்டம்.

அந்தக் குழியின் வாயும் தெளிவாகத் தெரிந்தது. தரையை வெட்டியவர்கள் அதே களிமண்ணால் திரும்பப் பூசி மூடியிருந்தார்கள். ஒட்டுப் போட்ட விளிம்பு மட்டும் சற்று நிறம் மாறியிருந்தது. அதற்கு மேல் இன்னும் இரண்டு பூச்சு. அந்த ஒட்டின்மேல் நடந்து, அந்த மூலையில் படுத்து, அவர்கள் தொடர்ந்து வாழ்ந்திருக்கிறார்கள்.

கீழடி அறிக்கையை எடுத்தால் கொந்தகையையும் சேர்த்தே படியுங்கள். கீழடியில் செங்கல் சுவர்களும் உறைகிணறுகளும் வந்தன. தாழிகளும் எலும்புகளும் கொந்தகையில். வாழ்ந்த இடம் ஒன்று, புதைத்த இடம் வேறொன்று. சாத்தல்ஹூயுக்கில் ஒரே தரைப்படத்தில் கிடைப்பதை இங்கே இரண்டு இடத்து வரைபடங்களைப் பக்கத்தில் பக்கத்தில் விரித்துத்தான் பார்க்க வேண்டும். வீட்டை மட்டும் படித்துவிட்டு நிறுத்துகிறவர்களே அதிகம். எனக்கு அது பாதிப் படிப்பாகத்தான் படுகிறது.

காறையெலும்பு:

உடற்கூறியல் கற்பிக்கிறேன். சாரம் கேட்ட கடைசிக் கேள்விக்கு விடை சொல்ல வேண்டியது என் கடமை.

உங்கள் கண் பொய் சொல்லவில்லை. உங்களுக்கு முன்பே ஒரு பொறியாளர் அதே கோடுகளைப் பார்த்துத் திகைத்திருக்கிறார். 1866இல் சூரிச் நகரில் ஹெர்மன் ஃபான் மேயர் என்ற உடற்கூறியலாளர் தொடை எலும்பை நெடுக்காக அறுத்து, உள்ளே உள்ள பஞ்சு எலும்பின் அமைப்பைக் காட்டினார். அதைப் பார்த்த கார்ல் குல்மான், அங்கேயே பொறியியல் கற்பித்தவர். வளைந்த பாரந்தூக்கி ஒன்றில் அமுக்கமும் இழுவிசையும் ஓடும் பாதைகளைக் கோடுகளாக வரைவது அவருடைய பாடம். எலும்பில் இருந்த கோடுகள் தம்முடைய கோடுகளே என்று அவர் கண்டுகொண்டார். தலையிலிருந்து உட்புறத் தண்டுக்கு இறங்கியதாக நீங்கள் சொன்னது அமுக்கத் தொகுதி. வெளிப்புறத்திலிருந்து வளைந்து ஏறியது இழுவிசைத் தொகுதி. டார்சி தாம்சன் 1917இல் வெளியிட்ட ‘வளர்ச்சியும் வடிவமும்’ பற்றிய பெருநூலில் இந்தச் சந்திப்பை விரிவாக எழுதியிருக்கிறார். விலங்குகளின் முதுகெலும்பைப் பாலங்களோடு ஒப்பிடும் பகுதியும் அதில் உண்டு. வரைபடம் போடுகிறவருக்கு அந்த நூல் சொந்த வீட்டுக்குள் போவது போல இருக்கும்.

ஈபெல் கோபுரம் தொடை எலும்பைப் பார்த்துக் கட்டப்பட்டது என்று பல இடங்களில் எழுதிவிடுகிறார்கள். கோபுரத்தின் முதல் வடிவத்தை வரைந்தவர்களில் ஒருவரான மாரிஸ் கோஷ்லான் குல்மானின் மாணவர் என்பது மட்டும் உண்மை. விசையைக் கோடாக வரையும் முறையை ஆசிரியரிடம் கற்றார், அவ்வளவே. எலும்பை நகலெடுத்தார் என்பது பிறகு கட்டிய கதை. இந்தக் கதையைச் சரிபார்க்காமல் சொல்லும் நூலை நான் மூடிவைத்துவிடுவேன்.

கட்டடத்துக்கும் எலும்புக்கும் ஒரு பெரிய வேறுபாட்டையும் சொல்ல வேண்டும். விட்டம் போட்டபடி இருக்கும். எலும்பு நாள்தோறும் தன்னைக் கரைத்துக் கரைத்துத் திரும்பக் கட்டிக்கொள்கிறது. பாரம் வரும் இடத்தில் தடிக்கும், பாரம் குறைந்த இடத்தில் மெலியும். இதை 1892இல் யூலியஸ் வோல்ஃப் விதியாகவே எழுதிவைத்தார். முதுமையில் எலும்பு மெலியும்போது எக்ஸ்ரேயில் அந்தக் கோடுகள் ஒன்றன்பின் ஒன்றாக மறையும். எந்தெந்தக் கோடு எஞ்சியிருக்கிறது என்று பார்த்து ஆறு படிகளாகப் பிரிக்கும் சிங் குறியீட்டை 1970இல் வெளியிட்டவர்கள் இந்திய மருத்துவர்கள். கடைசிவரை தாக்குப்பிடிப்பது அமுக்கத் தொகுதிதான்.

பழைய எலும்பில் உழைப்பைப் படிக்க முடிவதும் இதனால்தான். சிரியாவில் யூப்ரட்டீஸ் ஆற்றங்கரையில் இருந்த அபு ஹுரைரா என்ற பழைய ஊரை 1972, 1973இல் அவசரமாகத் தோண்டினார்கள். அணை எழுந்ததும் ஊர் ஏரிக்குள் போய்விட்டது. அங்கே கிடைத்த எலும்புகளைத் தேயா மாலெசன் ஆராய்ந்தார். கால் பெருவிரல் மூட்டு தேய்ந்திருந்தது, முழங்காலில் மாற்றம், கீழ்முதுகிலும் மாற்றம். பெரும்பாலும் பெண்களிடம். விரல்களை மடக்கி ஊன்றி மண்டியிட்டு, முன்னும் பின்னும் அசைந்து அரைகல்லில் தானியம் அரைத்தவர்களின் உடல் அது என்று அவர் முடிவுக்கு வந்தார். ஒருமுறை நீங்களே தரையில் மண்டியிட்டு, கால்விரல்களை உள்ளே மடக்கி, இரண்டு கைகளையும் முன்னே தள்ளிப் பாருங்கள். பாரம் எங்கே வந்து உட்காருகிறது என்று அரை நிமிடத்தில் தெரிந்துவிடும்.

எகிப்தின் கிசா பீடபூமியில் 1990இல் கண்டுபிடிக்கப்பட்ட தொழிலாளர் கல்லறைகளும் அப்படித்தான். முதுகெலும்பிலும் முழங்காலிலும் தேய்மானம். கூடவே, முறிந்த கை எலும்புகள் நேராகச் சேர்ந்து ஆறியிருந்தன. கட்டு வைத்துப் பார்த்துக்கொண்டவர்கள் அங்கே இருந்திருக்கிறார்கள். பிரமிடைப் பற்றிய நூல் ஒன்றை எடுத்தால், கல்லின் எடையைச் சொல்லிவிட்டு இந்தக் கைகளைப் பற்றியும் சொல்கிறதா என்று பாருங்கள்.

ஓர் எச்சரிக்கை. ஒரே ஓர் எலும்பில் ஒரு மேட்டைப் பார்த்துவிட்டு, இவர் நெசவாளர், இவர் குயவர் என்று அடித்துச் சொல்லும் எழுத்து நிறைய வருகிறது. வயது, உடல்வாகு, நோய் எல்லாமே அதே அடையாளத்தைக் கொடுக்கக்கூடும். அபு ஹுரைரா முடிவுக்கு வலு எங்கிருந்து வந்தது? பலருடைய எலும்புகளில் அதே மாற்றங்கள் திரும்பத் திரும்பத் தெரிந்தன, அரைகற்களும் அதே ஊரில் கிடைத்தன. மண்ணடுக்கு சொன்னதுதான் இது. எலும்பைத் தரையோடு சேர்த்துப் பார்த்தால்தான் பேசும்.

ஏட்டுச்சுவடி:

எலும்புத் துறையில் எனக்குப் பயிற்சி இல்லை. கட்டட நூல்களில் ஆள் இல்லை என்று சாரம் சொன்னதில் மட்டும் எனக்குச் சிறு மறுப்பு உண்டு. பழைய நூல்களில் கட்டடமே ஆள்தான். கோயில் விமானத்தின் ஆறு உறுப்புகளைச் சிற்ப நூல்கள் எப்படி அழைக்கின்றன? அதிட்டானம், பாதம், பிரஸ்தரம், கிரீவம், சிகரம், ஸ்தூபி. பாதம் கால். கிரீவம் கழுத்து. அதன்மேல் தலை. அளவுகளும் அங்குலம், முழம், தாலம் என்று உடம்பிலிருந்து பிறந்தவையே. வை. கணபதி ஸ்தபதியின் ‘சிற்பச் செந்நூல்’ தமிழிலேயே இருக்கிறது, இந்தச் சொற்களுக்காகவே ஒருமுறை படியுங்கள். ரோமானியரான விட்ருவியஸும் தம் பத்து நூல்களில் மூன்றாவதன் தொடக்கத்தில் மனித உடலின் அளவுகளைச் சொல்லிவிட்டுத்தான் கோயிலின் அளவுக்கு வருகிறார்.

ஆள் காணாமற்போனது பிற்காலத்தில்தான் என்று நினைக்கிறேன். பானிஸ்டர் ஃப்ளெட்சரின் பெயர்பெற்ற வரலாற்று நூல் 1896இல் வந்தது. அதன் பிந்தைய பதிப்புகளில் இந்தியா, சீனா முதலிய நாடுகளின் கட்டடங்களை ‘வரலாற்றில் சேராத பாணிகள்’ என்று ஒதுக்கிவைத்தார்கள். பாணிகளின் குடும்ப மரம் போட்டவர்களுக்குக் குடியிருந்தவர்கள் தேவைப்படவில்லை. 1964இல் பெர்னார்ட் ருடோஃப்ஸ்கி, கட்டடக் கலைஞர்கள் இல்லாமலே எழுந்த வீடுகளுக்காக நியூயார்க்கில் ஒரு கண்காட்சியே நடத்தி நூலும் போட்டார். அதன் படங்களைப் பாருங்கள், மனது ஆறும்.

தாழி என்ற பேச்சு வந்ததால் இன்னொன்று. புறநானூற்றின் 256ஆம் பாட்டில் கணவனை இழந்த பெண் குயவனிடம் பேசுகிறாள். தாழியை அகலமாக வனைந்துகொடு, எனக்கும் சேர்த்து இடம் வேண்டும் என்கிறாள். அகழாய்வில் தாழியின் வாய் விட்டத்தை அளந்து குறிக்கும் எண்ணைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு அவள் நினைவுதான்.

சாரம்:

மூவருக்கும் மனம் நிறைந்த நன்றி. குல்மானின் பெயரைப் படித்ததும் சற்று நேரம் எதுவும் ஓடவில்லை. நான் எதைப் பார்த்தேன் என்பதற்கு 1866இலேயே ஒருவர் பதில் சொல்லியிருக்கிறார்.

நேற்று இரவு சாத்தல்ஹூயுக் அறிக்கை ஒன்றின் தரைப்படத்தை எடுத்து, என் வழக்கப்படி மெல்லிய தாளை மேலே வைத்துப் படியெடுக்கத் தொடங்கினேன். சுவர் சுலபமாக வந்தது. ஏணி ஊன்றிய இடம், அடுப்பு, மேடைகள் எல்லாம் வந்தன. மேடைக்கடியில் முழங்காலை மார்போடு மடக்கிவைத்து ஒருக்களித்துக் கிடந்த உடலுக்கு வந்ததும் கை நின்றுவிட்டது. சுவருக்குப் பயன்படுத்திய கோட்டுத் தடிமனிலேயே அதையும் போடலாமா என்று தெரியவில்லை. மண்ணடுக்கு, நீங்கள் எலும்புக்கு எந்தத் தடிமன் வைப்பீர்கள்?

மண்ணடுக்கு:

சுவரை விட மெல்லியது. பென்சிலைத் தீட்டிக்கொண்டு, மண்டையோட்டிலிருந்து தொடங்குங்கள். மேலே கிடக்கும் எலும்பின் கோடு முழுதாக வர வேண்டும். அடியில் ஒளிந்திருப்பதை ஊகித்துப் போடாதீர்கள், தெரியும் இடத்தோடு நிறுத்துங்கள். விரல்களை அவசரப்படாமல் ஒவ்வொன்றாகப் போடுங்கள். அவற்றைத்தான் எல்லோரும் கிறுக்கித் தள்ளிவிடுவார்கள்.

சாரம்:

போட்டுவிட்டேன். வலது கையில் விரல் எலும்புகள் பதினொன்றுதான் தெரிகின்றன. பதினொன்றோடு நிறுத்திக்கொண்டேன்.

வியாழக்கிழமை அப்பாவுக்கு மறுபரிசோதனை. ஊன்றுகோலோடு அறைக்குள் நடக்கிறார். பழைய படத்தையும் புதிய படத்தையும் பக்கத்தில் பக்கத்தில் மாட்டச் சொல்லி மருத்துவரிடம் கேட்கப்போகிறேன். எந்தக் கோடுகள் எஞ்சியிருக்கின்றன என்று இந்த முறை அப்பாவுக்கும் காட்ட வேண்டும்.